வீட்டு வசதி வாரியக் கடைக்கு நோட்டீஸ் வந்தால்: கடைக்காரர்களுக்கு ஒரு கையேடு

தமிழ்நாடு வீட்டு வசதி வாரியத்தின் வணிக வளாகத்திலோ, வாரியக் குடியிருப்பின் தரைத்தளத்திலோ கடை வைத்திருப்பவர்களுக்கு வரும் தகராறுகள் சுற்றிச் சுற்றி ஒரு சில விஷயங்கள்தான். வாடகையை ஒரேயடியாக ஏற்றிவிட்டார்கள். ஒப்பந்தம் முடிந்துவிட்டது, கடை ஏலத்துக்குப் போகிறது என்கிறார்கள். கட்டடத்தை இடிக்கப் போகிறோம் என்கிறார்கள். இல்லையென்றால், ஒதுக்கீடு பெற்றவர் ஒருவர், கல்லாவில் உட்கார்ந்திருப்பவர் இன்னொருவர் என்கிறார்கள்.

நோட்டீஸ் வந்ததும் வக்கீலிடம் ஓடி "ஸ்டே வாங்கிக் கொடுங்க சார்" என்று கேட்பதுதான் எல்லோரும் செய்வது. ஸ்டே கிடைக்கலாம், கிடைக்காமலும் போகலாம். ஆனால் அந்த வக்கீல் எதை வைத்து வாதாடப் போகிறார் என்று யோசித்தால், நீங்கள் இத்தனை வருடமாக வாரியத்துக்கு எழுதிய கடிதங்களையும், எழுதாமல் விட்ட கடிதங்களையும் வைத்துத்தான். எதிரில் இருப்பது தனி வீட்டு உரிமையாளர் இல்லை; கோபம் வந்தால் பேசித் தீர்க்கவும், மனம் இளகினால் விட்டுக்கொடுக்கவும் அங்கே ஒரு ஆள் கிடையாது. அங்கே இருப்பது ஒரு ஃபைல். அந்த ஃபைலில் உங்கள் தரப்பு ஏறியிருக்கிறதா என்பதுதான் கேள்வி.

வாடகைச் சட்டம் காப்பாற்றாது

முதலில் ஒரு தவறான நம்பிக்கையைக் கழற்றி வைத்துவிடலாம். 1960ஆம் ஆண்டின் பழைய வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் இப்போது இல்லை. அதற்குப் பதிலாக வந்த, நில உரிமையாளர்கள் மற்றும் வாடகைதாரர்களின் உரிமைகள், பொறுப்புகளை ஒழுங்குபடுத்தும் 2017ஆம் ஆண்டுத் தமிழ்நாடு சட்டம் 22.2.2019 முதல் நடைமுறையில் இருக்கிறது. ஆனால் அரசு, உள்ளாட்சி அமைப்பு, சட்டப்படி அமைந்த வாரியங்கள் ஆகியவற்றுக்குச் சொந்தமான இடங்களுக்கு அது பொருந்தாது. ஆகவே வாடகை அதிகாரியிடம் மனு போடுகிறேன், வாடகை நீதிமன்றத்துக்குப் போகிறேன் என்பதெல்லாம் வாரியக் கடைக்கு நேர விரயம்.

அப்படியானால் எந்தச் சட்டம்? பொதுவாக 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம். அதற்கு மேலே வாரியத்தின் சொந்தச் சட்டமான 1961ஆம் ஆண்டு வீட்டு வசதி வாரியச் சட்டம். வாடகை பாக்கி, அனுமதியில்லாத உள்வாடகை, நிபந்தனை மீறல் போன்ற காரணங்களுக்காக, சிவில் கோர்ட்டுக்குப் போகாமலேயே, தகுதி வாய்ந்த அதிகாரி ஒருவர் வெளியேற்ற ஆணை போட அதில் வழி இருக்கிறது. அப்புறம், பொது வளாகங்களில், அதாவது அரசு, அரசு அமைப்புகளின் இடங்களில், அனுமதியின்றி இருப்போரை வெளியேற்றும் சட்டங்கள்: மத்திய அரசு நிறுவனங்களுக்கு 1971ஆம் ஆண்டினுடையது, தமிழ்நாட்டுக்கு 1975ஆம் ஆண்டினுடையது. இந்த மாதிரிச் சட்டமும் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டமும் மோதினால் எது நிற்கும் என்ற கேள்வி அசோகா மார்க்கெட்டிங் எதிர் பஞ்சாப் நேஷனல் வங்கி வழக்கில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு முன் வந்து, 1990இல் பொது வளாகச் சட்டமே நிற்கும் என்று தீர்ப்பாகிவிட்டது. (இன்னொன்று: மத்தியச் சட்டம் 1971இல் புதிதாக வரக் காரணமே ஒரு கடைக்காரர் வழக்குதான். சண்டிகரில் அரசு ஹோட்டலைக் குத்தகைக்கு எடுத்த கேட்டரிங் நிறுவனம் ஒன்று, பஞ்சாபின் வெளியேற்றச் சட்டத்தை எதிர்த்து 1967இல் உச்ச நீதிமன்றத்தில் ஜெயித்தது. அரசாங்கம் அந்தத் தீர்ப்பு காட்டிய ஓட்டையை அடைத்துத்தான் அடுத்த சட்டத்தை எழுதியது.)

சரி, உங்கள் பக்கம் என்னதான் இருக்கிறது? வாரியம் அரசியல் சாசனப்படி "அரசு" என்ற வரையறைக்குள் வருகிறது. அதனால் வாடகை ஒப்பந்தத்திலும் அது அந்தச் சாசனத்தின் பதினான்காவது பிரிவுக்கு, அதாவது எல்லோரையும் சமமாக நடத்த வேண்டும் என்ற பிரிவுக்கு, கட்டுப்பட்டது. தன்னிச்சையாக, காரணம் சொல்லாமல், ஆளுக்கொரு நியாயமாக நடக்க முடியாது. பம்பாய்த் துறைமுக வாடகைதாரர்கள் தொடுத்த இரண்டு வழக்குகளை உங்கள் வக்கீல் கட்டாயம் எடுத்து வைப்பார். 1989இல் துவாரகாதாஸ் மார்ஃபாட்டியா வழக்கில், பொது அமைப்பு நில உரிமையாளராக நடக்கும்போதும் அதன் ஒவ்வொரு செயலும் பொதுநல நோக்கத்தோடும் நியாயமான காரணத்தோடும் இருக்க வேண்டும் என்று சொல்லப்பட்டது. 2004இல் ஜம்ஷெட் வாடியா வழக்கில், லாபம் ஒன்றையே குறியாக வைத்து, காலி செய்யச் சொல்வேன் என்று மிரட்டி வாடகையை ஏற்றும் தனியார் போல அரசு அமைப்பு நடக்கக் கூடாது என்றார்கள். ஆனால் இரண்டையும் முழுதாகப் படியுங்கள்: வாடகையை ஏற்றவே கூடாது என்றோ, காலி செய்யச் சொல்லவே கூடாது என்றோ எங்கேயும் இல்லை. காரணமும் முறையும் வேண்டும், அவ்வளவுதான். உங்கள் சண்டை முழுக்க இந்த இரண்டு சொல்லுக்குள்தான் நடக்கப் போகிறது.

உங்கள் ஃபைலை முதலில் கட்டுங்கள்

ஒதுக்கீட்டு ஆணை, வாடகை ஒப்பந்தம், வைப்புத்தொகை ரசீது, வாடகை ரசீதுகள், மின் இணைப்பு யார் பெயரில் என்பதற்கான சீட்டு, ஜிஎஸ்டி பதிவுச் சான்று. இவற்றில் எல்லாம் ஒரே பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். அப்பா பெயரில் ஒதுக்கீடு, அண்ணன் பெயரில் ஜிஎஸ்டி, உங்கள் பெயரில் கரண்ட் பில் என்று இருந்தால் அது குடும்பத்துக்குள் சரியாக இருக்கலாம். வாரியத்தின் கண்ணுக்கு அது உள்வாடகை.

ஒப்பந்தத்தில் தேதியைப் பாருங்கள், பதிவு செய்திருக்கிறதா என்றும் பாருங்கள். ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகை பதிவு செய்யப்பட்டிருக்க வேண்டும். பதிவு இல்லை என்றால் பத்திரத்தில் உள்ள ஐந்து வருடம், பத்து வருடம் எல்லாம் அப்படியே செல்லாது. வாடகை வாங்கி இடத்தைக் கொடுத்ததால் மாதாந்திர வாடகைதாரர் என்ற நிலை மட்டும் மிஞ்சும் என்று 2000ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. பலர் வருடக்கணக்காக இப்படித்தான் இருக்கிறார்கள், தெரியாமலேயே.

"முப்பது வருடமாக இருக்கிறேன், எனக்கு உரிமை வந்துவிட்டது" என்ற பேச்சை எங்கும் எழுதாதீர்கள். வாடகைதாரராக உள்ளே வந்தவருக்கு இருந்த வருடங்களால் சொத்துரிமை வராது. எழுதினால் உரிமையாளரின் உரிமையையே மறுக்கிறார் என்று அதைத் திருப்பி உங்கள் மேலேயே போடுவார்கள். நீண்டகாலம் ஒழுங்காக வாடகை கட்டியவர் என்பது வேறு வாதம், அது நல்ல வாதம், அதை எழுதுங்கள்.

இப்போது வாரியத்தின் ஃபைல். தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005 இதற்காகவே வந்தது என்று நினைத்துக்கொள்ளலாம். 10 ரூபாய் கட்டணம், நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய், 30 நாளில் பதில். பதில் வராவிட்டால் 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, பிறகு 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையத்துக்கு இரண்டாவது. கடைக்காரர் சங்கத்தின் பெயரில் போடாதீர்கள். சட்டம் குடிமக்களுக்குத்தான் உரிமை தருகிறது, அதைச் சொல்லியே திருப்பி அனுப்புவார்கள். சங்கச் செயலாளர் தன் சொந்தப் பெயரில் போட்டால் போதும்.

என்ன கேட்பது என்பதில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். "ஏன் என் வாடகையை ஏற்றினீர்கள்?" என்று கேட்டால் விளக்கம் தர வேண்டிய கடமை இல்லை என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். ஆவணம் கேளுங்கள். இந்த மாதிரி: "இன்ன வளாகத்தின் கடைகளுக்கு வாடகை மறுநிர்ணயம் செய்ய எடுக்கப்பட்ட வாரியத் தீர்மானத்தின் நகல், அதற்கு அடிப்படையான கணக்கீட்டுத் தாளின் நகல், அதே வளாகத்தில் ஒவ்வொரு கடைக்கும் இப்போது வசூலிக்கப்படும் வாடகை, சதுர அடியோடு, என் கடை தொடர்பான கோப்பில் இன்ன தேதியிலிருந்து இன்ன தேதிவரை உள்ள குறிப்புப் பக்கங்களின் நகல்." கடைசியாகச் சொன்ன குறிப்புப் பக்கங்கள்தான் தங்கம். ஒரு கீழ்நிலை அலுவலர் "வாடகைதாரரின் ஆட்சேபம் பரிசீலிக்கப்படவில்லை" என்று நேர்மையாக எழுதி வைத்திருப்பார், அவருக்குத் தெரியாது அது உங்கள் வழக்கின் முதல் ஆவணமாகப் போகிறது என்று.

நோட்டீஸை எப்படிப் படிப்பது

தபால்காரர் கொண்டுவரும்போது வாங்குங்கள். வாங்க மறுத்தால் வழக்கு தள்ளிப்போகும் என்று யாரோ எப்போதோ சொன்னதை நம்பி இன்னும் பலர் திருப்பி அனுப்புகிறார்கள். சரியான முகவரிக்கு முறையாக அனுப்பியதை மறுத்தால், சேர்ப்பிக்கப்பட்டதாகவே சட்டம் எடுத்துக்கொள்ளும். நீங்கள் மறுத்த தபாலில் என்ன இருக்கிறது என்று தெரியாமல் நாள் ஓடுவதுதான் மிச்சம். கவரைக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். தபால் முத்திரையில் இருக்கும் தேதி, நோட்டீஸில் இருக்கும் தேதியைவிடப் பல நாள் தள்ளி இருப்பது சாதாரணம், அவகாசக் கணக்கு அங்கேதான் மாறும்.

அடுத்து, எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவின் கீழ் வந்திருக்கிறது? கையெழுத்துப் போட்டவர் யார், அவர் பதவி என்ன? அந்தப் பிரிவின் கீழ் ஆணை போட அவருக்கு அதிகாரம் கொடுக்கப்பட்டிருக்கிறதா? வாரியக் கோட்டங்களில் பொதுவாகச் செயற்பொறியாளர் மற்றும் நிர்வாக அலுவலர் பெயரில்தான் கடிதங்கள் வரும். அவருக்கு வாடகை கேட்கும் அதிகாரம் இருப்பதால் வெளியேற்றும் அதிகாரமும் இருக்கிறது என்று ஆகிவிடாது. அதிகாரம் அளித்த ஆணையின் நகலையும் தகவல் உரிமை மனுவில் சேர்த்துக் கேளுங்கள்.

வந்திருப்பது இவ்வளவு கட்டு என்று கேட்கும் கேட்புத் தொகை நோட்டீஸா, ஒப்பந்தத்தை முடிக்கும் நோட்டீஸா, காரணம் கேட்கும் நோட்டீஸா, வெளியேற்ற ஆணையேவா என்று பிரித்துப் பாருங்கள், ஏனென்றால் ஒவ்வொன்றுக்கும் செய்ய வேண்டியது வேறு. மாதாந்திர வாடகையை முடிக்கச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 106ஆவது பிரிவு 15 நாள் அவகாசம் கேட்கிறது. காரணம் கேட்கும் நோட்டீஸ் என்றால் அதில் சொன்ன தேதிக்குள் எழுத்தில் பதில் போக வேண்டும், நேரில் விசாரணை வேண்டும் என்று அந்தப் பதிலிலேயே கேட்டிருக்க வேண்டும். ஆணையே வந்துவிட்டது என்றால் அன்றைக்கே மேல்முறையீட்டுக் கணக்கு தொடங்கிவிட்டது. மத்தியச் சட்டத்தில் அதற்கு 12 நாள்தான். வாரியக் கடைக்கு நேரடியாகப் பொருந்துவது அந்தச் சட்டம் இல்லை என்றாலும், இந்த வகைச் சட்டங்கள் எவ்வளவு அவசரக்காரச் சட்டங்கள் என்று அதிலிருந்து புரியும். ஒரு வாரம் கழித்து வக்கீலைப் பார்க்கலாம் என்று இருக்காதீர்கள்.

பதில் கடிதத்தில் அழுகை வேண்டாம். குடும்பக் கஷ்டம், பிள்ளைகள் படிப்பு எல்லாம் ஒரு வரி போதும், அதுவும் கடைசியில். நோட்டீஸில் அவர்கள் சொன்ன ஒவ்வொரு குற்றச்சாட்டையும் எடுத்து, ஆம் அல்லது இல்லை, ஆதாரம் இன்ன இணைப்பு என்று எழுதுங்கள். அவர்கள் தராத ஆவணங்களைக் கேளுங்கள். அலுவலகத் தபால் பிரிவில் கொடுத்து, உங்கள் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள், கூடவே ஒப்புகையோடு தபாலிலும் ஒன்று அனுப்புங்கள். "உள்ளே கொடுத்துட்டேன் சார், தெரிஞ்சவர்தான்" என்பது எந்த நீதிபதியிடமும் எடுபடாது.

வாடகையை நிறுத்தாதீர்கள்

இதை மட்டும் செய்யாமல் இருந்தாலே பாதிப் பேர் தப்பித்திருப்பார்கள். ஏற்றிய வாடகை அநியாயம் என்று கோபப்பட்டு, பழைய வாடகையையும் கட்டாமல் விட்டால், வாரியத்துக்கு இல்லாமல் இருந்த ஒரு காரணத்தை நீங்களே கையில் கொடுத்துவிடுகிறீர்கள். அதன்பிறகு நோட்டீஸில் வாடகை உயர்வு நியாயமா என்ற பேச்சே இருக்காது. பாக்கிதாரர் என்ற ஒரு சொல் மட்டும் இருக்கும்.

ஒப்புக்கொண்ட வாடகையை மாதாமாதம் கட்டுங்கள். கவுண்டரில் வாங்க மறுத்தால் டிமாண்ட் டிராஃப்ட் எடுத்து, எந்த மாதத்துக்கு, எந்தக் கடைக்கு என்று கடிதம் வைத்து ஒப்புகையோடு அனுப்புங்கள். திரும்பி வந்தால் பிரிக்காமல் அப்படியே வையுங்கள். கூடுதல் தொகையையும் கட்டியே தீர வேண்டிய நிலை வந்தால், "ஆட்சேபத்தின் பேரில், என் உரிமைகளுக்குப் பங்கமின்றிச் செலுத்துகிறேன்" என்று எழுதிக் கட்டுங்கள். ஒன்றும் எழுதாமல் ஏற்றிய வாடகையை ஆறேழு மாதம் கட்டிவிட்டு, பிறகு எதிர்த்தால், ஒப்புக்கொண்டுவிட்டார் என்பார்கள்.

நோட்டீஸுக்குப் பிறகும் வாரியம் வாடகை வாங்கிக்கொண்டதே, அதனால் நோட்டீஸ் செல்லாமல் போய்விட்டது என்று சிலர் துள்ளுவார்கள். சொத்து மாற்றுச் சட்டத்தின் 113ஆவது பிரிவில் அப்படி ஒரு வழி இருப்பது உண்மைதான். ஆனால் நோட்டீஸைக் கைவிடும் எண்ணம் இருந்ததா என்று கோர்ட் பார்க்கும், வெறுமனே பணம் வாங்கியது மட்டும் போதாது. ரசீதில் "வாடகை" என்று இருக்கிறதா, "பயன்படுத்தியதற்கான சேதத் தொகை" என்று மாறியிருக்கிறதா என்று கவனியுங்கள். எழுத்தர் சீல் மாற்றிக் குத்த ஆரம்பித்த தேதி ஒரு முக்கியமான தேதி.

இப்போது முன்தேதியிட்ட கேட்புத் தொகை. ஒரு உதாரணக் கணக்கு போடுவோம். மாத வாடகை 8,000. அதை 1.4.2019 முதல் 20,000 ஆக்கியிருப்பதாக 2025 ஜூனில் நோட்டீஸ் வருகிறது. மாதம் 12,000 வித்தியாசம், 75 மாதம், ஆக 9,00,000 ரூபாய். வணிக வாடகைக்கு 18 சதவீத ஜிஎஸ்டி சேர்த்தால் மேலும் 1,62,000. அதற்கு மேல் அபராத வட்டி. பார்த்ததும் தலை சுற்றும். ஆனால் வாடகை பாக்கியை வசூலிக்கக் காலவரம்புச் சட்டம் தருவது மூன்று வருடம். புதுடெல்லி நகராட்சிக் குழு எதிர் காலு ராம் வழக்கில் 1976இல் உச்ச நீதிமன்றம், பொது வளாகச் சட்டத்தின் சுருக்கமான வழியில் போனாலும் காலம் கடந்த வாடகையை வசூலிக்க முடியாது என்று சொல்லிவிட்டது. அந்தக் கணக்குப்படி பார்த்தால் கடைசி 36 மாதத்துக்கு 4,32,000தான் பேச்சுக்கே வரும். உயர்வு முடிவானதே இப்போதுதான், அதனால் காலவரம்பும் இப்போதுதான் தொடங்குகிறது என்று வாரியம் எதிர்வாதம் வைக்கும். அதற்கு உங்கள் பதில்: எந்த அறிவிப்பும் இல்லாமல் கடந்துபோன வருடங்களுக்கு, அந்த வருடங்களில் விற்ற சரக்குக்கு விலையில் சேர்க்கவே முடியாத ஒரு வாடகையை, பின்னோக்கிப் போடுவது நியாயமான செயலா? பதினான்காவது பிரிவு வேலைக்கு வருவது இங்கேதான்.

இந்த இடத்தில் ஒரு கடிதம் எல்லாவற்றையும் கெடுத்துவிடும். பயத்தில், "நிலுவைத் தொகை முழுவதையும் தவணையில் கட்டிவிடுகிறேன், கருணை காட்டவும்" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிடுவார்கள், பல நேரம் அலுவலகத்திலேயே யாராவது நல்லெண்ணத்தில் எழுதச் சொல்லியிருப்பார்கள். கடனை எழுத்தில் ஒப்புக்கொண்டால் அன்றிலிருந்து காலவரம்பு புதிதாக ஓடும். காலம் கடந்துபோன கடனுக்குக்கூட, கட்டுகிறேன் என்று எழுத்தில் தந்த உறுதி ஒப்பந்தச் சட்டத்தின் 25ஆவது பிரிவுப்படி செல்லும். தவணை கேட்கலாம், தப்பில்லை. "சட்டப்படி செலுத்த வேண்டியதாக முடிவாகும் தொகையை" என்று எழுதிக் கேளுங்கள்.

ஜிஎஸ்டி பற்றி ஒன்றே ஒன்று: முறையான வரி விலைப்பட்டியல் இல்லாமல் வரிப் பணம் மட்டும் கேட்டால் பட்டியல் கேளுங்கள். சாதாரணப் பதிவில் இருப்பவர் அதைத் தான் கட்ட வேண்டிய ஜிஎஸ்டியிலிருந்து உள்ளீட்டு வரியாகக் கழித்துக்கொள்ளலாம். கம்போசிஷன் முறையில் (விற்பனையில் ஒரு சிறு சதவீதத்தை மட்டும் வரியாகக் கட்டும் முறை) இருப்பவருக்கு அது கிடையாது, முழுச் செலவுதான்.

உள்வாடகை, பெயர் மாற்றம்

ஒதுக்கீடு பெற்றவர் இறந்து வாரிசு கடை நடத்தினால், இறப்புச் சான்றும் வாரிசுச் சான்றும் வைத்துப் பெயர் மாற்ற மனு கொடுங்கள், மற்ற வாரிசுகளின் ஆட்சேபமின்மைக் கடிதத்தோடு. பதில் வரவில்லை என்றாலும் மனு கொடுத்த முத்திரை இருப்பதே பெரிய விஷயம். கூட்டாளி சேர்த்தால் வாரியத்துக்குத் தெரிவியுங்கள். உள்வாடகையா இல்லையா என்று முடிவு செய்யும்போது, இடத்தின் முழுக் கட்டுப்பாடு இன்னொருவர் கைக்குப் போய்விட்டதா, அதற்குப் பணம் கைமாறியதா என்றுதான் கோர்ட் பார்க்கும். பெயருக்கு ஒரு கூட்டாண்மைப் பத்திரம் எழுதிவிட்டு ஒதுக்கீடுதாரர் வெளியூரில் உட்கார்ந்திருந்தால் அந்தப் பத்திரம் நிற்காது. வெளிப்படையாகச் சொன்னால், உண்மையிலேயே உள்வாடகைக்கு எடுத்து நடத்துபவருக்கு இந்தக் கையேட்டில் பெரிய ஆறுதல் எதுவும் இல்லை. அவருக்கும் வாரியத்துக்கும் இடையில் ஒப்பந்தமே கிடையாது.

ஒப்பந்தம் முடிந்தது, ஏலம் என்றால்

புதுப்பிக்கும் உரிமை ஒப்பந்தத்தில் எழுதியிருந்தால் காலம் முடிவதற்கு முன்பே எழுத்தில் கேட்டிருக்க வேண்டும். எழுதியில்லை என்றால் புதுப்பிப்பு உங்கள் உரிமை இல்லை. பதினான்காவது பிரிவு இங்கே இரண்டு பக்கமும் வெட்டும். பொதுச் சொத்தை யாருக்குத் தருவது என்பதில் எல்லோருக்கும் சம வாய்ப்பு வேண்டும் என்று 1979இல் சொல்லப்பட்டதே பம்பாய் விமான நிலையத்தில் ஒரு உணவகமும் இரண்டு சிற்றுண்டிக் கடைகளும் நடத்தும் டெண்டரைப் பற்றிய வழக்கில்தான். எனவே ஏலமே கூடாது என்று சண்டை போடுவதைவிட, ஏல நிபந்தனை எப்படி இருக்கிறது, பக்கத்துக் கடைக்குப் புதுப்பித்துவிட்டு உங்களுக்கு மட்டும் ஏலமா, நீங்கள் செலவு செய்து போட்ட உள்வேலைக்கு என்ன கணக்கு என்று கேட்பது பலன் தரும். பக்கத்துக் கடைக்காரரோடு ஒத்துப்போக வேண்டிய காரணமும் இதுதான், அவருடைய ஒப்பந்த நகல் உங்களுக்கு வேண்டியிருக்கும்.

இடிக்கப் போகிறோம் என்றால்

கட்டட உறுதி குறித்த அறிக்கையின் நகலைக் கேளுங்கள். உண்மையிலேயே கம்பி தெரியும் கூரைக்குக் கீழே உட்கார்ந்துகொண்டு ஸ்டே கேட்டால் எந்த நீதிபதியும் தரமாட்டார், தரவும் கூடாது. உங்கள் பேச்சு மாற்று இடத்தைப் பற்றியும், புதிய கட்டடத்தில் கடை கிடைக்குமா, எந்த வாடகைக்கு என்பதைப் பற்றியும் இருக்கட்டும். வாய் வார்த்தையாகப் பெரிய அதிகாரியே சொன்னாலும், அன்று மாலையே "இன்று நடந்த கூட்டத்தில் தாங்கள் இவ்வாறு தெரிவித்ததைப் பதிவு செய்கிறோம்" என்று கடிதம் போட்டு ஃபைலில் ஏற்றுங்கள். மறுக்கவில்லை என்றால் அதுவே ஒரு ஆதாரம்.

கூரை ஒழுகுவது போன்ற சில்லறைப் பிரச்சினைக்கு: பழுது பார்க்க வேண்டிய கடமை வாரியத்துக்கு இருந்து, நியாயமான அவகாசம் கொடுத்து எழுதியும் செய்யவில்லை என்றால், நீங்களே செய்து செலவை வாடகையில் கழிக்கச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 108ஆவது பிரிவு அனுமதிக்கிறது. ஒப்பந்தத்தில் உள்பழுது உங்கள் பொறுப்பு என்று இருந்தால் இந்த வழி அடைபட்டுவிடும், முதலில் அதைப் பாருங்கள். சுவரை உடைப்பது, முகப்பை நீட்டித் தகரம் போடுவது போன்றவற்றில் கை வைக்காதீர்கள்.

பூட்டுப் போட வந்தால்

ஒப்பந்தம் முடிந்துபோன வாடகைதாரரைக்கூடச் சட்டப்படியான வழியில்தான் வெளியேற்ற முடியும், அரசே உரிமையாளராக இருந்தாலும் பலவந்தமாக உள்ளே நுழைய முடியாது என்று உத்தரப் பிரதேச அரசு சம்பந்தப்பட்ட வழக்கில் 1989இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே ஆட்கள் வந்தால் கைகலப்பு வேண்டாம். ஆணையின் நகலைக் கேளுங்கள், வந்தவர்களின் பெயரும் பதவியும் எழுதுங்கள், கடை முழுவதையும் சரக்கோடு வீடியோ எடுங்கள், இருப்புப் பட்டியல் போட்டுக் கையெழுத்துக் கேளுங்கள். மறுத்தால், மறுத்தார்கள் என்று எழுதி அன்றே வாரியத்துக்குத் தபாலில் அனுப்பிவிடுங்கள். அழுகும் சரக்கு இருந்தால் அதைத் தனியாக, முதல் வரியில் எழுதுங்கள்.

எந்தக் கோர்ட்

வெளியேற்றச் சட்டங்களில் சிவில் கோர்ட்டுக்குத் தடை உண்டு. அதனால் வழக்கமான வழி, ஆணைக்கு எதிராக அந்தச் சட்டத்திலேயே உள்ள மேல்முறையீடு. விசாரித்த அதிகாரி அதே அமைப்பைச் சேர்ந்தவர், அதனால் பாரபட்சம் என்ற வாதத்தை மட்டும் நம்பிப் போகாதீர்கள், உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. நேராக உயர் நீதிமன்றத்தில், அரசியல் சாசனத்தின் 226ஆவது பிரிவில் ரிட் (அரசு அமைப்பின் செயலை எதிர்த்துப் போடும் மனு) போட்டால், மேல்முறையீடு இருக்கும்போது இங்கே ஏன் வந்தீர்கள் என்பதுதான் முதல் கேள்வியாக வரும். விசாரணையே நடத்தவில்லை, அதிகாரமே இல்லாதவர் ஆணை போட்டார், அடிப்படை உரிமை மீறப்பட்டது என்று காட்ட முடிந்தால் மாற்று வழி இருப்பது தடையில்லை என்று 1998இல் வேர்ல்பூல் வழக்கில் முடிவாகியிருக்கிறது. தென்மாவட்டத்துக்காரர்கள் மதுரைக் கிளைக்குப் போகலாம்.

வாரியத்திலிருந்து கேவியட் மனுவின் நகல் வந்தால் வழக்குப் போட்டுவிட்டார்கள் என்று பதற வேண்டாம். நீங்கள் வழக்குப் போட்டால் எங்களைக் கேட்காமல் உத்தரவு தராதீர்கள் என்பது மட்டுமே அதன் பொருள். 90 நாள்தான் உயிரோடு இருக்கும்.

ஸ்டே கிடைத்தாலும் இலவசமாகக் கிடைக்காது. பாக்கியில் ஒரு பகுதியை இத்தனை வாரத்துக்குள் கட்டு என்ற நிபந்தனை வரும், கட்டத் தவறினால் ஸ்டே தானாக ரத்து என்றும் சேர்த்தே எழுதியிருப்பார்கள். வெளியேற்றத்துக்குத் தடை தரும்போது சந்தை வாடகை அளவுக்குத் தொகை கட்டச் சொல்லவும் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு, 2004இல் ஆத்மா ராம் பிராப்பர்ட்டீஸ் வழக்கிலிருந்து இது பழக்கமாகிவிட்டது. வழக்கை இழுத்தடித்தால் லாபம் என்ற பழைய கணக்கு இப்போது ஓடாது. தோற்ற அன்று வட்டியோடு வரும். வக்கீல் ஃபீஸையும் இந்தத் தொகையையும் கூட்டி, அதே தெருவில் ஒரு தனியார் கடைக்கு முன்பணம் எவ்வளவு என்று ஒருமுறை விசாரித்துப் பாருங்கள். சில நேரம் அந்த எண்ணே முடிவைச் சொல்லிவிடும்.

வக்கீல் வைக்க வசதியில்லாத பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமலேயே இலவச சட்ட உதவி உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகத்தில் மனு கொடுத்தால் போதும்.

காலி செய்வதென்று முடிவானால்

சாவியைச் சும்மா கவுண்டரில் வைத்துவிட்டு வராதீர்கள். ஒப்படைக்கும் தேதியை முன்கூட்டி எழுதி, அலுவலர் முன்னிலையில் கொடுத்து, கடையின் நிலை, மின்மீட்டர் ரீடிங் எல்லாம் குறித்து ஒரு ஒப்படைப்புச் சீட்டில் இரு தரப்பும் கையெழுத்துப் போட வேண்டும். அந்தச் சீட்டு இல்லாத வரைக்கும் வாடகை ஓடிக்கொண்டேதான் இருக்கும், பூட்டிக் கிடந்தாலும். வைப்புத்தொகையைத் திருப்பிக் கேட்கும் மனுவை அன்றைக்கே கொடுங்கள். பாக்கியில் கழித்தால் எதற்கு எவ்வளவு என்று கணக்குத் தாள் கேளுங்கள். மின் இணைப்பு உங்கள் பெயரில் இருந்தால் கணக்கை முடித்துவிடுங்கள், ஜிஎஸ்டி பதிவில் முகவரி மாற்றத்தை 15 நாளுக்குள் பதிவேற்றிவிடுங்கள். இல்லாவிட்டால் அடுத்த கடைக்காரர் கட்டாத கரண்ட் பில்லுக்கும் உங்கள் பெயரில்தான் நோட்டீஸ் வரும்.